ஒரு தோள், இரண்டு நாட்டுக் குறியீடுகள்: ஊர்ப் பயண அனுபவம்

இந்த முறை ஊருக்குக் கிளம்பும்போது கைப்பையில் கடவுச்சீட்டுக்கு அடுத்தபடியாக நான் பத்திரப்படுத்திய காகிதம், அமெரிக்காவில் என் மருத்துவக் காப்பீட்டு நிறுவனம் அனுப்பியிருந்த இரண்டு பக்கக் கடிதம். விபத்து எந்தத் தேதியில் நடந்தது, வேலையிடத்தில் நடந்ததா, வேறு யாராவது அதற்குப் பொறுப்பா என்று அதில் வரிசையாகக் கேள்விகள் இருந்தன. எனக்கோ அண்மையில் எந்த விபத்தும் நேரவில்லை. வலது தோளில் பல மாதங்களாக இருந்த வலிக்காக ஒரு கிளினிக்குக்குப் போயிருந்தேன்; கல்லூரிக் காலத்தில், 2001-இல், பைக்கிலிருந்து விழுந்து அந்தத் தோள் இறங்கியதையும் சொல்லியிருந்தேன். பில் தயாரித்தவர் அந்த ஒரு வாக்கியத்தை மட்டும் பிடித்துக்கொண்டு எஸ்43.004ஏ என்ற நோய்க் குறியீட்டைப் பதிந்துவிட்டார். வலது தோள் மூட்டு விலகல் என்பது அதன் பொருள். கடைசியில் நிற்கும் 'ஏ' அந்தக் காயத்துக்கு இப்போதுதான் முதன்மைச் சிகிச்சை நடக்கிறது என்று சொல்லும் எழுத்து. இருபது ஆண்டுகளுக்கு முன் இறங்கிய தோள் காகிதத்தில் அந்த வாரம் இறங்கியதாகிவிட, பணம் கொடுப்பதை நிறுவனம் நிறுத்தி வைத்தது.

கிளினிக்கில் கேட்டபோது, பழைய காயத்துக்கான ஆவணம் ஏதேனும் இருந்தால் குறியீட்டைத் திருத்துவது எளிது என்றார்கள். அங்கிருந்த மருத்துவர் 'தோள் மூட்டு ஆர்த்ரைடிஸ்', அதாவது மூட்டுத் தேய்மானம், என்று மட்டுமே எழுதியிருந்தார்; எதனால் வந்தது என்பதற்கு ஒரு சொல்லும் இல்லை. அந்த ஒரு சொல்லுக்காகத்தான் இந்தப் பயணத்தில் நான்கு நாட்கள் செலவாயின.

ஐ.சி.டி.-10 எனப்படும் நோய் வகைப்பாட்டில் இடுப்பு மூட்டுத் தேய்மானத்துக்கு எம்16, முழங்காலுக்கு எம்17, கட்டைவிரலின் அடி மூட்டுக்கு எம்18 என்று தனித்தனி வீடுகள் உண்டு. தோளுக்குத் தனி வீடு கிடையாது. 'மற்ற மூட்டுகள்' என்ற எம்19-இல் முழங்கை, கணுக்கால் ஆகியவற்றோடு அது ஒண்டுக்குடித்தனம் நடத்துகிறது. புள்ளிக்குப் பின் வரும் இலக்கம்தான் காரணத்தைச் சொல்கிறது: 0 என்றால் வெளிக்காரணம் ஏதுமின்றித் தானே வந்த தேய்மானம், 1 என்றால் பழைய காயத்தால் வந்தது, 2 என்றால் வேறொரு காரணத்தின் பின்விளைவு. அமெரிக்கா 2015 அக்டோபர் 1 முதல் பயன்படுத்தும் அதன் சொந்தத் திருத்தப் பதிப்பில், இதற்கு மேல் எந்த மூட்டு, எந்தப் பக்கம் என்பதற்கும் இடம் உண்டு. ஆகவே காயத்தால் வந்த வலது தோள் தேய்மானம் எம்19.111, இடது தோள் எம்19.112, பக்கத்தை எழுதாமல் விட்டால் எம்19.119. தானே வந்த வலது தோள் தேய்மானம் எம்19.011. ஓர் இலக்கம் மாறினால் நோயின் வரலாறே மாறிப்போகிறது.

ஊரில் முதலில் போனது, 2001-இல் என்னைச் சேர்த்திருந்த மருத்துவமனையின் பதிவேட்டுப் பிரிவுக்கு. அங்கிருந்த பெண்மணி பொறுமையாகக் கேட்டுவிட்டு, அவ்வளவு பழைய கோப்புகள் இப்போது இல்லை என்றார். அவரைக் குறை சொல்ல முடியாது. இந்திய மருத்துவ கவுன்சிலின் 2002-ஆம் ஆண்டு நடத்தை விதிகள், உள்நோயாளிக் குறிப்புகளைச் சிகிச்சை தொடங்கிய நாளிலிருந்து மூன்று ஆண்டுகள் வைத்திருந்தால் போதும் என்கின்றன. நோயாளி கேட்டால் 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும் என்பதும் அதே விதிகளில் உள்ளதுதான், ஆனால் இல்லாத கோப்பை எந்த விதியாலும் தர முடியாது. வெளிநாட்டில் இருப்பவர்கள் இதைக் கவனத்தில் கொள்வது நல்லது: கோப்பு மருத்துவமனையில் இருக்கும் என்று நம்பிக்கொண்டு வீட்டில் இருக்கும் காகிதத்தைத் தூக்கி எறியாதீர்கள். என்னைக் காப்பாற்றியது அப்பாவின் பீரோ. பழைய மின்கட்டண அட்டைகளுக்கு அடியில், பழுப்பேறிய உறைக்குள், எக்ஸ்ரே ஃபிலிமும் டிஸ்சார்ஜ் சம்மரியும் இருந்தன. வலது தோள் முன்பக்கமாக விலகியது, மயக்க மருந்து கொடுத்து உள்ளே தள்ளப்பட்டது, மூன்று வாரம் கட்டுப் போட்டிருந்தது என்று அதில் தெளிவாக எழுதியிருந்தது.

மறுநாள் வேறொரு மருத்துவமனையின் எலும்பு மூட்டு மருத்துவரைப் பார்த்தேன். சேவையின் வேகத்தைப் பாராட்டியே ஆக வேண்டும்; காலையில் பெயர் பதிந்து, மதியத்துக்குள் இரண்டு கோணங்களில் எக்ஸ்ரே எடுத்து, மாலையில் மருத்துவரோடு உட்கார்ந்து பேச முடிந்தது. எலும்புகளுக்கு இடையே இருக்க வேண்டிய இடைவெளி குறுகியிருந்ததையும், மேற்கை எலும்பின் தலைக்குக் கீழே எலும்பு துருத்திக்கொண்டு வளர்ந்திருந்ததையும் அவர் விரலால் காட்டினார். தோள் இறங்கியவர்களுக்குப் பிற்காலத்தில் வரும் இந்தத் தேய்மானத்துக்கென்றே 1983-இல் சாமில்சன், பிரீட்டோ என்ற இருவர் ஓர் அளவுகோல் வகுத்தார்கள்: துருத்தல் 3 மில்லிமீட்டருக்குக் குறைவென்றால் லேசானது, 3 முதல் 7 வரை நடுத்தரம், அதற்கு மேல் கடுமை. என்னுடையது 5. இத்தனை அளந்தும், அந்த 5 மில்லிமீட்டரைச் சொல்ல எம்19.111-இல் இடமே இல்லை என்பது எனக்கு வேடிக்கையாகப் பட்டது. பக்கத்தைக் கேட்கும் குறியீடு கடுமையைக் கேட்பதில்லை.

அறிக்கை கைக்கு வந்தபோதுதான் சிக்கல் தெரிந்தது. ஒரு கேள்விக்குறியைப் போட்டு, அதன் பின் 'போஸ்ட் டிராமாட்டிக் ஓ.ஏ. ஷோல்டர்', அதாவது காயத்தால் வந்த தோள் தேய்மானம், என்று எழுதியிருந்தார். எந்தப் பக்கம் என்பதும் இல்லை. நம் ஊர் மருத்துவர்களின் சீட்டில் இந்தக் கேள்விக்குறியைப் பார்த்துப் பழகிய நமக்கு அது உறுத்தாது. ஆனால் அமெரிக்காவின் புறநோயாளிக் குறியீட்டு விதிப்படி, 'இருக்கலாம்', 'சந்தேகம்' என்ற நிலையில் உள்ள நோயை நோயாகப் பதியக் கூடாது. அறிகுறியை மட்டும்தான் பதியலாம். அதாவது அந்த ஒரு கேள்விக்குறி என் தோளை எம்25.511-க்கு, வெறும் வலது தோள் வலிக்கு, இறக்கிவிடும்.

திரும்பப் போய், "டாக்டர், தப்பா நினைச்சுக்காதீங்க, இந்தக் கேள்விக்குறி வேணுமா?" என்று கேட்டேன். அவர் சிரித்துவிட்டார். "அது சந்தேகம் இல்லைங்க, கைப்பழக்கம். பழைய ஃபிலிமைத்தான் பார்த்துட்டேனே" என்று சொல்லி, வேறு தாளில் எழுதிக் கொடுத்தார்: 2001-இல் வலது தோள் முன்பக்கமாக விலகியதன் விளைவாக, வலது தோள் மூட்டில் ஏற்பட்டுள்ள தேய்மானம். 'விளைவாக' என்ற அந்தச் சொல்தான் நான் விமானம் ஏறி வந்து வாங்கியது.

கணினியில் அச்சான தாளில் மருத்துவமனை இட்டிருந்த குறியீடு எம்19.1, கூடவே டி92.3. குறியீட்டுப் பிரிவில் இருந்த இளைஞர் இதை விளக்கினார். அவர்கள் பயன்படுத்துவது உலக சுகாதார நிறுவனத்தின் மூலப் பதிப்பு, அதில் டி92.3 என்பது கையிலும் தோளிலும் நேர்ந்த மூட்டு விலகல், சுளுக்கு ஆகியவற்றின் பின்விளைவைக் குறிக்கும். விரும்பினால் தோள் பகுதிக்கான 1 என்ற இலக்கத்தைச் சேர்த்துக்கொள்ளலாம், ஆனால் அந்த ஒன்றுக்குள் காறை எலும்பு மூட்டுகளும் அடக்கம், வலம் இடம் என்ற பேதமும் கிடையாது. அமெரிக்க எண்ணையே போட்டுத் தரட்டுமா என்று கேட்டார். வேண்டாம் என்றேன். அவர்கள் முறைப்படி அவர்கள் போட்டது சரி. அதை மாற்றச் சொல்வது நியாயமுமில்லை, பயனுமில்லை, ஏனெனில் அமெரிக்காவில் குறியீட்டை இடுவது அங்குள்ளவர்களின் வேலை. ஊரில் கேட்டு வாங்க வேண்டியது எண்ணை அல்ல, எந்த மூட்டு, எந்தப் பக்கம், என்ன காயம், எப்போது, அதற்கும் இன்றைய நோய்க்கும் என்ன தொடர்பு என்ற விவரங்களை.

திரும்பி வந்து தாள்களைக் கொடுத்ததும், கிளினிக்கின் மருத்துவர் அவற்றைப் படித்துத் தம் குறிப்பில் சேர்த்துக்கொண்டார். குறியிடுபவர் முதலில் எம்12.511-ஐ எடுத்தார், காயத்தால் வந்த மூட்டு நோய் என்ற தலைப்பைப் பார்த்தால் யாருக்கும் அப்படித்தான் தோன்றும். ஆனால் எம்12.5-இன் கீழேயே, காயத்துக்குப் பிந்தைய தேய்மானத்தை அங்கே சேர்க்காதே என்ற விலக்குக் குறிப்பு இருக்கிறது. முடிவில் முதலிடத்தில் எம்19.111, இரண்டாமிடத்தில் எஸ்43.014எஸ் என்று பதிவாயிற்று. பின்விளைவுகளைப் பதியும் முறை இதுதான்: இன்றைய நோய் முன்னால், அதற்குக் காரணமான பழைய காயம் பின்னால், ஈற்றில் 'ஏ' இருந்த இடத்தில் 'எஸ்'. காயத்துக்கும் விளைவுக்கும் இடையே இத்தனை ஆண்டுகள்தான் இருக்கலாம் என்ற காலவரம்பு கிடையாது. முன்பக்கமாக விலகியது என்று பழைய சம்மரியில் இருந்ததால்தான், பொதுப்படையான 004 போய் 014 வந்தது.

காப்பீட்டு நிறுவனத்தின் கேள்வித்தாளில் விபத்துத் தேதிக்கு நேராக 2001 என்று எழுதி அனுப்பினேன். நிறுத்தி வைத்த தொகை ஆறு வாரத்தில் விடுவிக்கப்பட்டது. நேற்று வந்த பிசியோதெரபி பில்லில் மட்டும் மறுபடியும் எம்25.511 என்று இருக்கிறது. உறுதியான நோய்ப்பெயர் கோப்பில் இருக்கும்போது வெறும் வலியை ஏன் பதிந்தீர்கள் என்று கேட்பதற்காகத் திங்கட்கிழமை அவர்களை அழைக்க வேண்டும்.