கிரில் பிரமாதம், சோளம்தான் காலை வாருகிறது

சிகாகோவில் செப்டம்பர் பிறந்ததும் கரி கிரில்களின் விலை இறங்கிவிடும். நேப்பர்வில்லில் இருக்கும் நண்பர் இந்த வாரம் கூப்பிட்டு, "வருஷக்கணக்கா எலோட்டே சுடுறீங்களே, அதுக்காகவே அந்த 22 அங்குல கெட்டில் கிரில் ஒண்ணு வாங்கலாம்னு இருக்கேன். வாங்கலாமா?" என்று கேட்டார். ஆமாம், இல்லை என்று ஒரு வார்த்தையில் முடிக்க முடியவில்லை. இந்தப் பேச்சை எடுத்தாலே எனக்குக் கோபம் வந்துவிடுகிறது. கோபம் கிரில் மேல் இல்லை. அதனால் எல்லாவற்றையும் எழுதியே வைத்துவிடுகிறேன்.

எலோட்டே என்னும் மெக்சிகோவின் தெருச்சோளம் எப்படியிருக்கும் என்று உங்களுக்குத் தெரியும். சூடான கதிரில் மயோனைஸும் கிரேமா என்னும் மெக்சிகோ புளிப்புக் கிரீமும் பூசி, சீஸ் துருவலில் புரட்டி, மிளகாய்த்தூள் தூவி, எலுமிச்சை பிழிந்து தருவார்கள். செய்முறை வீடியோக்கள் கொட்டிக் கிடக்கின்றன. அவற்றில் யாரும் சொல்லாத ஒரு விஷயத்தைத்தான் சொல்ல வருகிறேன்.

முதலில் கிரில்லுக்கு உரிய மரியாதையைக் கொடுத்துவிடுவோம். உருண்டையான இந்த கெட்டில் வடிவம் எங்கள் ஊரில் பிறந்தது. வெபர் பிரதர்ஸ் மெட்டல் வொர்க்ஸில் வேலை பார்த்த ஜார்ஜ் ஸ்டீஃபன், நீரில் மிதக்கவிடும் இரும்பு மிதவையின் கூட்டை இரண்டாக வெட்டி, ஒரு பாதியில் கரியைப் போட்டு, மறு பாதியை மூடியாக்கினார். அது 1952. காற்றுக்கும் மழைக்கும் நடுவே சமைக்க வேண்டிய ஊரில் அந்த மூடிதான் பெரிய விஷயம். கீழ்த்துளை வழியாகக் காற்று உள்ளே போகும், மேல்துளை வழியாகப் புகை வெளியேறும். துளையைக் குறைத்தால் தணல் அடங்கும், திறந்தால் சீறும். இதைவிட எளிமையான கருவியை என் வீட்டில் காட்ட முடியாது. பழுதாக ஒன்றுமில்லை. பனியில் நின்றாலும் மூடியை எடுத்துக் கரியைப் பற்றவைத்தால் வேலை செய்கிறது.

சோளத்துக்கு என்று எடுத்துக்கொண்டாலும் இதை அடிக்க வேறு அடுப்பு கிடையாது. கரியை ஒரு பக்கமாகக் குவித்துவிடுவேன். சாம்பல் பூத்ததும், மடல் உரித்த கதிரை அந்தக் குவியலுக்கு நேர் மேலே வைப்பேன். முதல் ஒரு நிமிடம் ஒன்றும் நடக்காது. பிறகு முத்துகள் கண்ணாடி போல் மினுங்கும், நிறம் ஒரு படி கூடும், எங்கோ ஒரு முத்து 'டப்'பென்று வெடிக்கும். அந்தச் சத்தம் வந்ததும் கால் திருப்பு திருப்ப வேண்டும். நான்கு பக்கமும் இப்படிப் போனால் பத்துப் பன்னிரண்டு நிமிடத்தில் அங்கங்கே கருமை படிந்து, புகை வாசம் ஏறி, கையில் எடுக்கும்போதே பசியைக் கிளப்பும். கேஸ் அடுப்பில் கம்பி வைத்துச் சுட்டும் பார்த்திருக்கிறேன். கருகுகிறதே தவிர அந்த வாசம் வரவில்லை.

இவ்வளவும் சரி. கடித்தால்தான் பிரச்சினை. இனிப்பு! பாயசம் குடிக்கிற மாதிரி இனிப்பு. மயோனைஸின் எண்ணெய்ப் பசை, கிரேமாவின் பால்சுவை, அதற்கு அடியில் சர்க்கரைத் தண்ணீராகச் சிதறும் முத்துகள். எலுமிச்சையை எவ்வளவு பிழிந்தாலும் அடங்குவதில்லை. உப்பைக் கூட்டினால் இனிப்பு இன்னும் தூக்கலாகத் தெரிகிறது. நான் வளர்ந்த சென்னையில், மெரினாவில் விசிறியால் தணலை விசிறிச் சுட்டுத் தரும் கதிரில் எலுமிச்சை மூடியை உப்பு மிளகாய்த்தூளில் தொட்டுத் தேய்ப்பார்களே, அந்த நாட்டுச் சோளம் மெல்ல மெல்ல மாவாகக் கரையும். மெக்சிகோ சிட்டியில் கொயோவகான் சதுக்கத்தில் நான் வாங்கிச் சாப்பிட்ட எலோட்டேவும் அந்த ஜாதிதான். பெரிய வெள்ளை முத்து, பல்லுக்குப் பிடி கொடுக்கும் மாவுத்தன்மை, இனிப்பு என்றால் நாக்கின் ஓரத்தில் ஒரு துளி. அப்படிப்பட்ட சோளத்தில்தான் மயோனைஸும் உப்புச் சீஸும் மிளகாயும் அதனதன் இடத்தில் உட்காரும்.

காரணம் தெளிவானது. மெக்சிகோவில் எலோட்டேவுக்கு என்று தனியாக இனிப்புச் சோளம் பயிரிட வேண்டிய தேவை இருந்ததில்லை. தோர்த்தியா ரொட்டிக்கு மாவாகும் சோளத்தையே பால் பிடித்த பருவத்தில் ஒடித்துக்கொண்டு வருவார்கள். தொலூக்கா பள்ளத்தாக்கில் விளையும் கக்காவாசிந்த்லே என்ற பெருமுத்து வெள்ளைச் சோளம், பொசோலே சூப்புக்கும் போகும், இளசாக எலோட்டேவுக்கும் போகும். சோளத்தையே மனிதர்களுக்குக் கொடுத்த நாடு அது. சுமார் 9,000 ஆண்டுகளுக்கு முன் பல்சாஸ் ஆற்றுப் பகுதியில் தியோசின்தே என்ற புல்லிலிருந்து பழக்கப்படுத்தியது. இன்றும் அங்கே 59 நாட்டு இனங்களைக் கணக்கெடுத்து வைத்திருக்கிறார்கள். அதில் எது எதற்கு என்று சமைக்கிறவர்களுக்குத் தெரியும்.

இங்கே இல்லினாயில் எந்தப் பக்கம் காரை ஓட்டினாலும் கண்ணுக்கெட்டிய தூரம் சோளக்காடுதான். அதில் பெரும்பகுதி மாட்டுத் தீவனத்துக்கும் எத்தனாலுக்கும் போகிறது. மனிதன் கடித்துத் தின்ன என்று கடைக்கு வருவது வேறு வகை. அந்த வகையின் கதையும் எங்கள் மாநிலத்துக் கதைதான். 1953ல், இல்லினாய் பல்கலைக்கழகத்தின் ஜான் லாக்னன், முத்து சுருங்கிப்போகும் ஒரு மரபணு மாற்றத்தை ஆராயும்போது, அதில் மாவுச்சத்து சேர்வது தடைபட்டு சர்க்கரை அப்படியே தங்கிவிடுவதைக் கண்டு எழுதினார். பழைய இனிப்புச் சோளத்தைவிட இரண்டு மூன்று மடங்கு சர்க்கரை அதில். பழையது ஒடித்த நொடியிலிருந்து இனிப்பை இழக்கத் தொடங்கும், வெயிலில் கிடந்தால் இன்னும் வேகமாக. புதியது நாள்கணக்கில் லாரியில் பயணம் செய்தாலும் இனிப்பு அவ்வளவாகக் குறையாது. தூரத்து ஊர்களுக்குச் சோளம் அனுப்புகிறவர்களுக்கு அது வரப்பிரசாதம். வேகவைத்து வெண்ணெய் தடவி உண்பவர்களுக்கும் அது பிடித்தது. ஆராய்ச்சியில் ஒரு குறையும் இல்லை, நல்ல ஆராய்ச்சி. பிப்ரவரியில்கூடக் கடையில் சோளம் கிடைப்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

ஆனால் எலோட்டே சுடுகிறவனுக்கு அந்த மாவுச்சத்துதானே வேண்டும்! அதுதான் தணலில் வறுபட்டு மணக்க வேண்டும், அதுதான் எலுமிச்சையையும் காரத்தையும் பிடித்துக்கொள்ள வேண்டும். மாவில்லாத முத்து தணல் பட்டதும் உள்ளேயே ஆவியாகி, தோல் சுருங்கி, வெளியே கேரமல் பூச்சும் உள்ளே தண்ணீருமாக நிற்கிறது. கரி நன்றாக இருக்கிறது, கிரில் நன்றாக இருக்கிறது, என் கையும் பழகிவிட்டது. அத்தனையும் வீண். ஒவ்வொரு கோடையும் இந்த எரிச்சல்தான். கடை அலமாரியில் "இனிப்பு", "மிக இனிப்பு", "அதிசய இனிப்பு" என்று வகைவகையாக எழுதி வைக்கிறார்கள். இனிப்பில்லாதது வேண்டும் என்று கேட்டால் நான் ஏதோ கெட்டுப்போன சரக்கைக் கேட்கிறேன் என்பது போல் பார்க்கிறார்கள்.

வழி இல்லாமல் இல்லை. உழவர் சந்தையில் விற்பவரிடம் "முற்றல் கதிர் கொடுங்கள்" என்று கேட்டு வாங்குவேன். பழைய வகை இனிப்புச் சோளமாக இருந்து நன்றாக முற்றியிருந்தால் பாதி தூரம் வந்துவிடும். இதைவிட நல்லது சிகாகோவின் டெவோன் அவென்யூவில் கிடைத்தது. ஆகஸ்டில் சில வாரம் மட்டும் இந்திய மளிகைக்கடை ஒன்றில் "தேசி மக்காய்" என்று அட்டை மாட்டிப் பச்சை மடலோடு குவித்திருப்பார்கள். இனிப்பில்லாத வயல்சோளம்தான், பால்பருவத்தில் ஒடித்தது. நகத்தால் ஒரு முத்தைக் கீறினால் தண்ணீர் தெறிக்கக்கூடாது, கெட்டியான வெள்ளைப் பால் கசிய வேண்டும். அந்தக் கதிரை மடலோடு கிரில்லின் தணலில்லாத பக்கம் வைத்து, மூடிபோட்டு, இருபது நிமிடம் விட்டு, பிறகு உரித்து நேர்த்தணலில் சுட்டேன். கொயோவகான் சுவை அப்படியே வந்தது. வீட்டில் யாரும் பேசவில்லை, தின்று முடிக்கும்வரை. மறுவாரம் போனால் குவியல் காலி. அதற்கடுத்த வாரம் வந்தது கல் மாதிரி முற்றிக் கிடந்தது. இதை நம்பி விருந்தினரைக் கூப்பிட முடியாது.

மேலே போடுவனவற்றில் இரண்டைப் பற்றி மட்டும் சொல்கிறேன். மயோனைஸைக் கிரில்லிலிருந்து எடுத்த கையோடு பூசாதீர்கள். சூட்டில் எண்ணெய் பிரிந்து வழிந்துவிடும், சீஸ் ஒட்டப் பிடிமானம் இருக்காது. இரண்டு நிமிடம் ஆறவிட்டு, மயோனைஸும் கிரேமாவும் சரிபாதி கலந்து மெல்லிசாகத் தடவினால் போதும். சீஸ், கொத்தீஹா. மெக்சிகோவின் மிச்சோவகான் மாநிலத்தில் அதே பெயருள்ள ஊரின் சீஸ், குறைந்தது மூன்று மாதம் பழுக்க வைப்பார்கள், உருகாது, நல்ல உப்பு. இங்கே அந்தப் பெயரில் பாக்கெட்டில் வரும் மெத்தென்ற கட்டிகளை உதிர்த்தால் உருண்டையாக விழுந்து தட்டில்தான் தங்கும். பழுத்த, கெட்டியான துண்டைத் தேடி வாங்கிச் சின்னக் கண் துருவலில் துருவினால் பனி மாதிரி படியும். மிளகாய்க்கு பிக்கீன் தூள் போதும். மெக்சிகோவின் ஹலிஸ்கோவிலிருந்து 1985 முதல் வரும் தஹீன் என்ற மிளகாய்த்தூள் கலவையில் எலுமிச்சையும் உப்பும் ஏற்கெனவே இருப்பதால், உப்பைக் கொஞ்சம் பார்த்துப் போடுங்கள்.

இன்னொன்றையும் நண்பர் தெரிந்துகொள்ள வேண்டும். மெக்சிகோவில் பல இடங்களில் கரியில் சுட்டது எலுமிச்சை, உப்பு, மிளகாயோடு நின்றுவிடும். மயோனைஸ், சீஸ் எல்லாம் வேகவைத்த கதிருக்குத்தான். எங்கள் ஊரில் மெக்சிகோக்காரர்கள் நிறைந்த லிட்டில் வில்லேஜில் 26ஆம் தெருவில் எலோத்தேரோக்கள், அதாவது தள்ளுவண்டியில் எலோட்டே விற்பவர்கள், பானையிலிருந்து ஆவி பறக்க எடுத்துத் தருவதும் வேகவைத்ததுதான். 2015ல்தான் சிகாகோ நகர மன்றம் தள்ளுவண்டி உணவை முறைப்படி அனுமதித்தது. அதற்கு எத்தனையோ ஆண்டுகள் முன்பிருந்தே, அபராதத்துக்குப் பயந்துகொண்டே, அவர்கள் இந்த ஊருக்கு எலோட்டே ஊட்டியிருக்கிறார்கள். "காரமானதா, காரமில்லாததா?" என்று ஸ்பானிஷில் கேட்டுவிட்டுத் தூவுவார்கள். அவர்களிடமும் பல நேரம் இந்த ஊர்ச் சோளம்தான். ஆனால் நீண்ட நேரம் வெந்து, உப்பு ஏறி, காரம் தாராளமாக விழுந்து, நான் வீட்டில் கரியில் சுடும் இனிப்புச் சோளத்தைவிட நன்றாகவே இருக்கிறது.

ஆகவே என் பதில்: எலோட்டேவுக்காக என்றால் வாங்காதீர்கள். கோழி, மீன், கத்தரிக்காய் சுட என்றால் இன்றைக்கே போய் வாங்குங்கள், பத்து வருடம் உழைக்கும். என் கிரில்லை யாராவது விலைக்குக் கேட்டால் கொடுக்க மாட்டேன். ஆனாலும் எலோட்டேவுக்காக வாங்காதீர்கள் என்றுதான் சொல்வேன், ஏனென்றால் முதல் கதிரைக் கடித்ததும் கிரில்லைத்தான் குறை சொல்வீர்கள்.

எலோட்டே ஆசை அடங்கவில்லையென்றால் லத்தீன் அமெரிக்கக் கடைகளின் உறைபெட்டியில் பெரு நாட்டு சோக்ளோ கிடைக்கும். பெரிய வெளுத்த முத்து, இனிப்பு குறைவு, மாவு நிறைய. முழுக்கதிரைச் சுட்டால் கொஞ்சம் வறண்டுபோகிறது. முத்தாக உதிர்த்து எஸ்கீத்தேஸ் செய்யுங்கள். வெண்ணெயில் வெங்காயத்தோடு வதக்கி, முங்கத் தண்ணீர் விட்டு, மெக்சிகோ கடையில் கிடைக்கும் எபசோட்டே கீரை ஒரு கொத்து போட்டு வேகவைத்து, அந்தச் சாறோடு டம்ளரில் ஊற்றி, மேலே மயோனைஸ், சீஸ், மிளகாய், எலுமிச்சை. ஜனவரியிலும் செய்யலாம். எபசோட்டே கிடைக்காவிட்டால் கொத்தமல்லியைப் போட்டு ஒப்பேற்றாதீர்கள். கீறிய பச்சைமிளகாய் ஒன்றும் உப்பும் போதும்.