மோவாப் பாறைப் பள்ளத்துல ஹைலைனா, ரோப் ஸ்விங்கா?

அமெரிக்காவுல யூட்டா பக்கம் மோவாப் போறவங்க ரெண்டும் ஒண்ணுதானேன்னு கேக்குறாங்க, உயரத்துல கயிறு கட்டுறதுன்னா எல்லாம் ஒண்ணாயிடுமா என்ன.

ஹைலைன்னா பள்ளத்துக்கு மேல கட்டின பட்டையில நடக்குறது. அதுக்கு பள்ளத்தோட ரெண்டு கரையிலயும் பாறையில ஆங்கர், அதாவது பிடிமானம் போட்டு, சுமார் 2.5 செ.மீ. அகலப் பட்டையை இழுத்துக் கட்டுவாங்க, அது கூடவே பேக்கப் பட்டை ஒண்ணு தளர்வா ஓடும், மெயின் அறுந்தா அது தாங்கிக்கும். விழுந்தாலும் லீஷ்ல, அதாவது உங்களை பட்டையோட இணைக்கிற கயித்துல தொங்குவீங்க, திரும்ப ஏறி உக்காந்துக்கலாம், அவ்ளோதான். காத்து அடிச்சா பட்டை படபடன்னு ஆடும், அதுக்குத்தான் கட்டும்போதே கொஞ்சம் முறுக்கு விடுவாங்க.

ரோப் ஸ்விங்னா உயரத்துல இருந்து கயித்தோட குதிச்சு ஊஞ்சல் மாதிரி ஆடுறது, அது அப்படி இல்ல. குதிச்சப்புறம் திருத்த சான்ஸே கிடையாது, எல்லாமே கயிறு நீளக் கணக்குலதான் இருக்கு, கயிறு இழுபடுறதையும் முடிச்சு இறுகுறதையும் சேர்த்து கணக்கு போடணும். 2013-ல மோவாப் பக்கத்துல கொரோனா ஆர்ச்ங்கற இயற்கைப் பாறை வளைவுல ஒருத்தர் கயிறு நீளம் கூடிப்போய் தரையில மோதி இறந்துட்டார். 2015-ல அங்கயும், அதே மாதிரி பாறை வளைவுகளான ஜெமினி பிரிட்ஜஸ்லயும் கயிறு விளையாட்டுக்கு அரசு தடை போட்டுச்சு. வளைவுல கயிறு உரசி பாறையும் தேயுது, அதுவும் ஒரு பிரச்சனை.

என்னைக் கேட்டா ஹைலைன்தான், ரிக்கிங்குக்கு, அதாவது பட்டையை கட்டி முடிக்கவே ஒரு நாள் போனாலும் பரவால்ல. ஆனா ரெண்டுக்குமே மழை பெஞ்ச கையோட போகாதீங்க, அங்க பாறை மணற்கல், ஈரமானா அதுக்கு பலம் ரொம்ப குறைஞ்சிடும், மேல காஞ்ச மாதிரி தெரிஞ்சாலும் உள்ள ஈரம் இருக்கும்.