டெபாசிட்டை மீட்க எந்தக் கோர்ட் படி ஏறுவது?

சென்னையில் வீட்டைக் காலி செய்தால், பெயிண்ட் அடிக்க என்று ஒரு மாத வாடகையைப் பிடித்துக்கொண்டுதான் அட்வான்ஸைத் தருவார்கள். நாமும் வாயைத் திறக்க மாட்டோம். அந்தப் பழக்கத்தோடுதான் தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகருக்கு வந்தேன். இங்கே சாட்ஸ்வொர்த் என்ற பகுதியில் ஒரு வீட்டின் பின்கட்டில் இரண்டு வருடம் இருந்துவிட்டுக் கிளம்பியபோது, 9,500 ராண்ட் டெபாசிட்டில் ஒரு காசு திரும்பவில்லை. அடுப்புக்கு மேலே தாளிப்பு தெறித்து மஞ்சள் படிந்த சுவர், ஒரு முழ அகலம்தான் இருக்கும். அதைக் காட்டிச் சமையலறை முழுவதற்கும் பெயிண்ட் கணக்கு அனுப்பினார் வீட்டுக்காரர், அதுவும் வாட்ஸ்அப்பில்.

இங்கே சட்டம் வேறு மாதிரி. 1999-ஆம் ஆண்டின் வாடகை வீட்டுச் சட்டப்படி டெபாசிட் வட்டி வரும் கணக்கில் இருக்க வேண்டும். குடிபோகும் முன்பும், ஒப்பந்தம் முடியும் முன் கடைசி 3 நாளுக்குள்ளும் இருவரும் சேர்ந்து வீட்டைப் பார்க்க வேண்டும். பாக்கியோ சேதமோ இல்லையென்றால் 7 நாளில் பணம். பழுது பார்க்கப் பிடித்தால், வீட்டை ஒப்படைத்து 14 நாளில் மீதி. வீட்டுக்காரர் சேர்ந்து பார்க்காமல் விட்டால், வீடு நல்ல நிலையில் இருந்ததாகவே சட்டம் எடுத்துக்கொள்ளும். இந்த வீட்டுக்காரரோ சாவியை மதில் மேல் வைத்துவிட்டுப் போகச் சொன்னார். அந்த மெசேஜை நான் அழிக்கவில்லை.

சரி, எங்கே போவது? முதலாவது, வாடகை வீட்டுத் தீர்ப்பாயம். கட்டணம் கிடையாது. முதலில் சமரசம் பேசிப் பார்ப்பார்கள்; ஒத்துவராவிட்டால் விசாரணை. அதன் உத்தரவுக்கு மாஜிஸ்திரேட் கோர்ட் உத்தரவின் மதிப்பு உண்டு. இன்னும் அதே வீட்டில் இருந்துகொண்டு சண்டை போடுகிறவர்களுக்கு இதுதான் தோது. ஆனால் குடியிருக்கும் வீட்டுக்கு மட்டும்தான், கடைக்கு உதவாது.

இரண்டாவது, சிறு வழக்கு நீதிமன்றம். 20,000 ராண்ட் வரை கேட்கலாம், வக்கீலுக்கு இடமில்லை. முதலில் எதிராளிக்குக் கடிதம் எழுதி 14 நாள் பொறுக்க வேண்டும். இங்கே தோற்றால் மேல்முறையீடு கிடையாது. அதிகார வரம்பு மீறல், பாரபட்சம், விசாரணையில் பெரிய முறைகேடு போன்ற காரணங்களுக்காக மட்டும் உயர் நீதிமன்றம் மறு ஆய்வு செய்யும். இதைக் கேட்டுப் பலர் பயப்படுகிறார்கள். எனக்கோ இதுதான் இதன் பலமாகப் படுகிறது. ஏனென்று மூன்றாவதைப் பார்த்தால் புரியும்.

அந்த மூன்றாவது, மாஜிஸ்திரேட் கோர்ட். நண்பர் ஒருவரின் மசாலாக் கடை டெபாசிட் 60,000 ராண்ட். கடை என்பதால் தீர்ப்பாயம் இல்லை. சிறு வழக்கு என்றால் 40,000-ஐ விட்டுக்கொடுக்க வேண்டும். அதனால் வக்கீல் வைத்து மாஜிஸ்திரேட் கோர்ட்டுக்குப் போனார், ஜெயித்தார். பிரியாணி கூடப் போட்டார். அப்புறம்தான் கட்டட உரிமையாளர் மேல்முறையீடு செய்தார். அதற்கு 20 வேலை நாள் அவகாசம் உண்டு. மேல்முறையீடு வந்ததும் தீர்ப்பு பொதுவாக அப்படியே நின்றுவிடும். உயர் நீதிமன்றத்தில் புதிதாகச் சாட்சி விசாரிக்க மாட்டார்கள். கீழ்க்கோர்ட்டில் பேசியதையெல்லாம் ஒலிப்பதிவிலிருந்து தட்டச்சு செய்து கட்டுக் கட்டாகக் கொடுக்க வேண்டும். மாஜிஸ்திரேட் சட்டத்தையோ உண்மையையோ தவறாகப் பார்த்தாரா என்று நீதிபதிகள் அந்தக் கட்டைத்தான் படிப்பார்கள். கடை போன்ற பெரிய தொகைக்கு இதைத் தவிர வழியில்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஒரு மாத வாடகைக்காக இந்தப் படி ஏறினால், டெபாசிட்டைப் போல இரண்டு மடங்கு வக்கீலுக்கே போய்விடும். கையில் காசுள்ளவர் மேல்முறையீட்டை வைத்தே மற்றவரைக் களைக்க வைக்கலாம். சிறு வழக்கு நீதிமன்றத்தில் அந்தக் கதவே இல்லை.

நான் அங்கேதான் போனேன். விசாரித்த கமிஷனர், அதாவது அங்கே தீர்ப்புச் சொல்பவர், சுவர்ப் படத்தைத் திருப்பிக்கூடப் பார்க்கவில்லை. "சேர்ந்து பார்த்தீர்களா?" என்று வீட்டுக்காரரிடம் கேட்டார். சாவி மெசேஜைக் காட்டினேன். முழுப் பணமும் வந்தது. நண்பரைப் போன வாரம் பார்த்தேன், தட்டச்சுக் கட்டு இன்னும் முடியவில்லையாம்.