தோமோனோஉரா ஒரு நாள் பயணம்: தனிக் காரா, ரயிலும் பஸ்ஸுமா, படகா?

ஹிரோஷிமாவுக்கு வரும் நண்பர்கள் அமைதிப் பூங்காவையும் மியாஜிமாவையும் பார்த்து முடித்துவிட்டு, "இன்னும் ஒரு நாள் இருக்கிறது, எங்கே போகலாம்?" என்று கேட்பார்கள். தோமோனோஉரா என்பேன். பழைய துறைமுக ஊர், கூட்டம் குறைவு, நடந்தே பார்த்துவிடலாம் என்றதும் அடுத்த கேள்வி வரும்: "ஒரு கார் பேசிக்கொள்ளலாமா?" அதற்கு ஒரு வரியில் பதில் சொல்ல முடிவதில்லை. இந்த ஊருக்கு மூன்று முறை மூன்று விதமாகப் போயிருக்கிறேன். அலுவலக நண்பரோடு ரயிலும் பஸ்ஸுமாக ஒருமுறை, ஊரிலிருந்து வந்திருந்த அப்பா அம்மாவோடு தனிக் காரில் ஒருமுறை, தனியாகப் படகில் ஒருமுறை. மூன்றும் மூன்று ஊருக்குப் போய்வந்த மாதிரி இருந்தது.

முதலில் ஊரைப் பற்றிக் கொஞ்சம். ஃபுகுயாமா நகராட்சிக்குள், ஒரு தீபகற்பத்தின் நுனியில், ஜப்பானின் பெரிய தீவுகளுக்கு இடையே கிடக்கும் செத்தோ உள்கடலின் ஏறக்குறைய நடுவில் இருக்கிறது. 'உரா' என்றால் சிறிய குடா. (நம் 'ஊர்' இல்லை, ஆனால் அம்மா கடைசிவரை 'தோமோ ஊர்' என்றுதான் சொன்னார்.) பசிபிக் பெருங்கடலின் ஓதம் கிழக்கே கீ கால்வாய் வழியாகவும் மேற்கே புங்கோ கால்வாய் வழியாகவும் உள்கடலுக்குள் நுழைந்து, இந்த ஊருக்கு முன்னால்தான் சந்திக்கிறது. ஏற்றத்தின்போது இரண்டு பக்க நீரோட்டமும் இங்கே வரும். வற்றும்போது இரண்டு பக்கமும் விலகிப் போகும். பாய்மரக் காலத்தில் ஏற்றத்தோடு வந்த கப்பல்கள் இங்கே ஒதுங்கி, நீரோட்டம் திரும்பும் வரை காத்திருந்து, வற்றத்தோடு கிளம்பின. 'ஷியோமாச்சி', ஓதத்துக்குக் காத்திருக்கும் துறை என்ற பெயர் அதனால் வந்தது. காத்திருந்தவர்கள் சாப்பிட்டார்கள், குடித்தார்கள், கவிதை எழுதினார்கள், அரசியல் பேசினார்கள். ஊர் வளர்ந்தது அப்படித்தான்.

எதில் போவது என்று முடிவு செய்யும்போது இது மனதில் இருக்கட்டும். காத்திருப்பதற்காகவே உண்டான ஊருக்கு மீட்டர் ஓடும் வண்டியில் போவதில் ஒரு சிக்கல் உண்டு.

சரி, கார். ஹிரோஷிமாவிலிருந்து சான்யோ அதிவேகச் சாலையில் நூறு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் மேல்; ஒன்றே முக்கால் மணி நேரம் ஆகும். ஷின்கான்சென் அதிவேக ரயிலில் ஃபுகுயாமாவுக்கு அரை மணி கூட ஆகாது, அங்கிருந்து பஸ் அரை மணி. நின்று ஏறும் நேரத்தையும் சேர்த்தால்கூட ரயில்தான் முந்தும். ஒசாகாவிலிருந்து என்றால் கேட்கவே வேண்டாம்: ரயிலில் ஒரு மணி நேரத்தை ஒட்டி, காரில் மூன்று மணி நேரம். ஆகவே 'நேரம் மிச்சமாகும்' என்று யாராவது கார் விற்றால் நம்பாதீர்கள். கார் தருவது சுகம், நேரம் இல்லை.

விலை? ஓட்டுநரோடு வேன், எட்டு மணி நேரத்துக்கு எனக்குக் கிடைத்த விலைகளில் எதுவும் எண்பதாயிரம் யென்னுக்குக் கீழே இல்லை. சாலைச் சுங்கமும் பார்க்கிங்கும் தனி. வழிகாட்டி வேண்டுமென்றால் அதுவும் தனி. இங்கேதான் நான் ஏமாந்தேன். ஜப்பானில் வாடகைக்கு ஆள் ஏற்றும் வண்டிக்குப் பச்சை நம்பர் பிளேட் வேண்டும். அது இல்லாமல் வெள்ளைப் பிளேட் சொந்த வண்டியில் காசு வாங்கி ஆள் ஏற்றினால் சட்டவிரோதம், 'ஷிரோதாக்கு' என்பார்கள். எனவே முறையாக நடக்கும் இடங்களில் பெரும்பாலும் ஓட்டுகிறவர் ஒருவர், ஊரைச் சுற்றிக் காட்டுகிறவர் வேறொருவர். நான் பதிவு செய்த தளத்தில் போட்டிருந்ததை 'ஓட்டுநரே வழிகாட்டி' என்று நானாகப் புரிந்துகொண்டேன். வந்த ஓட்டுநர் தங்கமான மனிதர். அம்மா இறங்கும்போதெல்லாம் கதவருகே வந்து குனிந்து நிற்பார். ஆனால் தோமோனோஉராவில் கார் நிறுத்துமிடத்தோடு அவர் வேலை முடிந்தது. "மூன்று மணிக்கு இங்கே" என்று விரலைக் காட்டிவிட்டு இருக்கையைச் சாய்த்துக்கொண்டார். அப்புறம் அந்தச் சந்துகளில் நான்தான் வழிகாட்டி, எனக்குத் தெரிந்த அரைகுறை வரலாற்றோடு. திரும்பும்போது சாலையில் நெரிசல். கூடுதல் நேரத்துக்கு அரை மணிக் கணக்கில் கட்டணம் வந்தது.

2018 ஜனவரியில் சட்டம் மாறியதிலிருந்து உரிமம் இல்லாதவர்களும் காசு வாங்கிக்கொண்டு வழிகாட்டலாம். 'உரிமம் பெற்ற வழிகாட்டி' என்று சொல்லிக்கொள்ளத்தான் கூடாது. உரிமம் இல்லாதவர் மோசம் என்று இதற்கு அர்த்தமில்லை. பதிவு செய்யும்போது மூன்று கேள்வி கேளுங்கள்: ஊருக்குள் எங்களோடு நடந்து வருவது யார், அவர் என்ன மொழி பேசுவார், நேரம் கூடினால் எவ்வளவு?

இவ்வளவு குறை சொன்னாலும், அப்பா அம்மாவோடு மறுபடி போவதென்றால் மறுபடியும் கார்தான் பிடிப்பேன். அம்மாவுக்கு மூட்டு வலி. ரயில் நிலையப் படிகளும் பஸ்ஸில் நின்றுகொண்டே போவதும் ஆகாது. அதோடு, ஊரைச் சுற்றியுள்ள இடங்களுக்குக் கார் இல்லாமல் போவது பெரும்பாடு. மேற்கே நாலைந்து கிலோமீட்டரில் ஒரு பாறை முனையின் உச்சியில் சிவப்பாகத் தொற்றிக்கொண்டு நிற்கிறது அபுத்தோ கன்னோன் கோயில். சுகப்பிரசவத்துக்கும் தாய்ப்பாலுக்கும் வேண்டிக்கொள்ளும் இடம். துணியில் முலை வடிவம் செய்து ஒட்டிய வேண்டுதல் பலகைகள் வரிசையாகத் தொங்கும். அம்மா அதைப் பார்த்து முதலில் சிரித்தார், அப்புறம் கைகூப்பினார். மண்டபத்தைச் சுற்றி ஒரு குறுகிய திண்ணை ஓடுகிறது. அதன் கைப்பிடி முழங்கால் உயரம்தான், தரை வேறு கடல் பக்கமாகச் சாய்ந்திருக்கும். அப்பா சுவரைப் பிடித்தபடி ஒரு சுற்று முடித்தார். ஃபுகுயாமா திரும்பும் வழியில் மியோஓயின் கோயிலில் 1348-ஆம் ஆண்டு ஐந்தடுக்கு மரக் கோபுரம் இருக்கிறது, தேசியப் பொக்கிஷம். இவை இரண்டையும் ஒரே நாளில் ஊரோடு சேர்த்துப் பார்க்க நிம்மதியான வழி கார் ஒன்றுதான்.

ஆனால் ஊர் மட்டும் போதும் என்றால் கார் வீண். ஊருக்குள் சந்துகள் அவ்வளவு குறுகல். எதிரெதிரே இரண்டு கார் வந்தால் ஒன்று பின்வாங்க வேண்டியதுதான். இந்தக் குறுகலைக் காரணம் காட்டித்தான் 1983-இல் துறைமுகத்தின் ஒரு பகுதியைத் தூர்த்துப் பாலம் கட்டத் திட்டம் போட்டார்கள். ஊர் இரண்டாகப் பிரிந்தது. வழக்குப் போட்டார்கள், 2009 அக்டோபரில் ஹிரோஷிமா மாவட்ட நீதிமன்றம் இந்தக் கடற்காட்சி காக்க வேண்டியது என்று சொல்லித் தூர்ப்பதற்கு அனுமதி தரத் தடை விதித்தது. பிறகு திட்டம் கைவிடப்பட்டு, மலையைக் குடைந்து சுரங்கப்பாதை போட்டார்கள், 2024-இல் திறந்தது. ஆக, கார் வசதியா துறைமுகமா என்ற கேள்வியில் கடைசியில் துறைமுகம் ஜெயித்த ஊர் இது. சந்துகள் இன்னும் நடக்கிறவர்களுக்குத்தான்.

ரயிலும் பஸ்ஸும் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை, அவ்வளவு சுலபம். ஹிரோஷிமா–ஃபுகுயாமா ஷின்கான்சென் ஒருவழிக்கு ஐயாயிரம் யென்னை ஒட்டி வரும். சாதாரண ரயிலில் அதில் பாதிகூட ஆகாது. இரண்டு மணி நேரத்தை ஒட்டி ஆகும், ஆனால் மிஹாரா தாண்டியதும் தண்டவாளம் கடலை உரசிக்கொண்டு போகும். ஃபுகுயாமா நிலையத்தின் முன்னாலிருந்தே பஸ், மணிக்கு இரண்டு மூன்று. கட்டணம் ஐந்நூறு யென்னுக்குச் சற்று மேல். நாலு பேருக்குக் கணக்குப் போட்டால் ஷின்கான்சென்னில் போய் வந்தாலும் காருக்கு ஆகும் செலவில் ஏறக்குறைய பாதிதான். மிச்சத்தில் ஊருக்குள் மட்டும் இரண்டு மூன்று மணி நேரம் ஒரு வழிகாட்டி வைத்துக்கொண்டால் அந்தப் பணத்துக்கு அர்த்தம் உண்டு. ஏனென்றால் இந்த ஊர் விளக்கம் இல்லாமல் பார்த்தால் பழைய வீடுகள், ஒரு கல்விளக்கு, நாலு பூனை, அவ்வளவுதான்.

உதாரணத்துக்கு அந்தக் கல்விளக்கு. 'ஜோயாதோ' என்பது பெயர், 1859-இல் கட்டியது. எல்லோரும் அதன் முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டு போவார்கள். அதன் காலடியிலிருந்து குடாவைச் சுற்றி வளையும் கல்படிகளை யாரும் கவனிப்பதில்லை. 'காங்கி' என்று பெயர். நம் குளத்துப் படித்துறை மாதிரியே இருக்கும், ஆனால் சரக்கு ஏற்றி இறக்க. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய நாட்களில் இங்கே ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் மூன்று மீட்டருக்கு மேல் வித்தியாசம் இருக்கும். தண்ணீர் எந்த மட்டத்தில் நின்றாலும் படகு ஏதாவது ஒரு படியோடு ஒட்டி நிற்க முடியும் என்பதற்காகத்தான் படிகள். கல்விளக்கு, காங்கி, அலைதடுப்புச் சுவர், வந்துபோகும் கப்பல்களைக் கண்காணிக்கும் காவல் வீடு, கப்பல் அடிப்பாகத்தை நெருப்பால் சுட்டுச் செப்பனிடும் தளம் என்று எடோ காலத்து (1603–1868, ஷோகுன்கள் ஆண்ட காலம்) துறைமுகத்தின் ஐந்து உறுப்புகளும் சேர்ந்து மிஞ்சியிருப்பது ஜப்பானில் இங்கே மட்டும்தான். முதல் பயணத்தில் காலை பத்து மணிக்கு ஆறேழு படி தெரிந்தது. மதியம் சாப்பிட்டுவிட்டு வந்தால் இரண்டுதான் மிச்சம். கார் பயணத்தில் இதைப் பார்க்கவே முடியவில்லை. இரண்டரை மணி நேரத்தில் ஓதம் எவ்வளவுதான் மாறிவிடும்?

அடுத்து ஃபுகுசென்ஜி கோயிலின் தாய்ச்சோரோ மண்டபம். கொரியாவிலிருந்து வந்த தூதுக்குழுக்கள் தங்கிய இடம். 1711-இல் வந்த ஓர் அதிகாரி, கொரியாவுக்குக் கிழக்கே இதைவிட அழகான காட்சி இல்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார். பாயில் உட்கார்ந்தால் தூண்களே சட்டமாகி, பெந்தென் தீவு நடுவில் படம் மாட்டிய மாதிரி தெரியும். நின்றுகொண்டு பார்த்தால் அப்படித் தெரியாது. உட்கார்ந்த கண்ணுக்காகக் கட்டிய காட்சி அது.

வரலாற்றுப் பிரியர்களுக்கு இன்னொன்று. 1867-இல், ஷோகுன் ஆட்சியைக் கவிழ்க்க உழைத்த சாமுராய் சகமோத்தோ ரியோமாவின் ஆட்கள் ஓட்டிய இரோஹா மாரு என்ற நீராவிக் கப்பல், கீஷு ஆட்சிப் பகுதியின் பெரிய கப்பலோடு மோதி இந்தக் கடலில்தான் மூழ்கியது. நட்டஈட்டுப் பேச்சு இந்த ஊரில்தான் தொடங்கியது. ரியோமா தங்கிய வணிகர் வீடு இன்றும் இருக்கிறது. எதிரே உள்ள சென்சுய் தீவுக்கு ஐந்தே நிமிடத்தில் போகும் படகை அந்தக் கப்பல் சாயலிலேயே செய்து ஓட்டுகிறார்கள். குழந்தைகளோடு போனால் அதை விட்டுவிடாதீர்கள்.

மூன்றாவது வழி, எனக்குப் பிடித்தது: ஓனோமிச்சியிலிருந்து படகு. குளிர்காலம் தவிர்த்து வார இறுதியிலும் விடுமுறை நாளிலும் மட்டும் ஓடும், ஒரு மணி நேரம் ஆகும். காலையில் சாதாரண ரயிலில் ஓனோமிச்சி போய், படகேறி, மாலை பஸ்ஸில் ஃபுகுயாமா வந்து ஷின்கான்சென்னில் திரும்பலாம். அபுத்தோ கன்னோனைக் கடலிலிருந்து அண்ணாந்து பார்க்கும்போதுதான் அதை ஏன் அங்கே கொண்டுபோய்க் கட்டினார்கள் என்பது புரியும். கப்பல்காரர்கள் கும்பிடுவதற்கு அதைவிட நல்ல இடம் கிடைக்காது. குறை என்னவென்றால் காற்று அடித்தால் படகு இல்லை, வார நாளிலும் இல்லை. அந்த ஒரே நாளை நம்பி வருகிறவர்களுக்கு இது சூதாட்டம்.

சாப்பாட்டில் மூன்று வழிக்கும் வித்தியாசம் இல்லை. ஜப்பானியர் 'தாய்' என்று சொல்லும் ஒருவகைக் கடல் மீனுக்குப் பேர்போன ஊர். மீன் சாப்பிடுகிறவர்களுக்குத் தாய்மேஷி என்ற மீன் சோறு உண்டு. சைவக்காரர்கள் ஃபுகுயாமாவிலேயே ஏதாவது வாங்கிக் கட்டிக்கொண்டு வருவது நல்லது, சாதாரணக் குழம்பில்கூட மீன் சாறு இருக்கும். ஹோமேய்ஷு என்ற மருந்து மது இந்த ஊர்ச் சரக்கு. 1659 முதல் காய்ச்சுகிறார்கள், பதினாறு மூலிகை. ஒரு மடக்கு குடித்துப் பார்த்த அப்பா, "தீபாவளி லேகியத்தைக் கரைத்துக் கொடுத்திருக்கிறான்" என்றார்.

கடைகள் நாலரை, ஐந்துக்கெல்லாம் மூடிவிடும். கார்கள் அதற்கு முன்பே கிளம்பிவிடும். ஆனால் இருட்டும் நேரத்தில் கல்விளக்கை ஏற்றுவார்கள், துறைமுகத்தில் நீங்களும் மீன்பிடிப் படகுகளும் மட்டும். பஸ்ஸில் வந்தவர்களுக்குத்தான் அது கிடைக்கும். நிறுத்தத்தில் இறங்கியதும் கடைசி பஸ் நேரத்தைக் கைப்பேசியில் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

வயதானவர்கள், கைக்குழந்தை, அபுத்தோ கன்னோன் என்று பட்டியல் நீண்டால் கார். மற்றவர்களுக்கு ரயிலும் பஸ்ஸும், கூட ஊருக்குள் ஒரு வழிகாட்டி. கிளம்புமுன் அன்றைக்கு ஓதம் எத்தனை மணிக்கு என்று பாருங்கள். ஜப்பான் வானிலை ஆய்வு மையமே அட்டவணை வெளியிடுகிறது. பஸ்ஸில் போகும்போது இடப்பக்கம் உட்காருங்கள், கடல் அந்தப் பக்கம்தான் வரும். 'தோமோனோஉரா' என்று ஒரு நிறுத்தமும், அதற்கு அடுத்து 'தோமோ-கோ' என்று கடைசி நிறுத்தமும் உண்டு. இரண்டில் எதில் இறங்கினாலும் ஐந்து நிமிடத்தில் படிகளுக்கு வந்துவிடலாம்.