ஊரை மறக்கும் வானியல் செயலி: தர்மபுரி மாடியில் மூன்று வருடத்துக்கு மேல்

போன வாரம் போனுக்கு டிஸ்ப்ளே மாற்றினேன். கடையில் ரீசெட் செய்துதான் கொடுத்தார்கள். வீட்டுக்கு வந்து வானியல் செயலியைத் திரும்ப ஏற்றித் திறந்தால், மேலே 'சென்னை' என்று நிற்கிறது. மறுபடியும்! அன்றைக்கே பாலக்கோட்டு மச்சானிடமிருந்து செய்தி: "நிலா கிரகத்தை மறைக்கிற நேரம் பார்க்க எந்த ஆப் போடலாம் மாப்ள?" செயலியின் பெயரை அவருக்குத் தனியாகச் சொல்லிவிட்டேன். மற்றதை இங்கே எழுதுகிறேன்.

நட்சத்திரப் பெயர், வான்படம் இவற்றுக்கெல்லாம் ஊர் கொஞ்சம் தப்பினாலும் பாதகமில்லை. நிலா விஷயம் வேறு. அது சுமார் 3,84,000 கி.மீ. தூரத்தில்தான் இருக்கிறது. சென்னைக்கும் தர்மபுரிக்கும் நேர்க்கோட்டில் 250 கி.மீ. அந்த இடைவெளிக்கே நிலா தன் அகலத்தில் பதினைந்தில் ஒரு பங்கு வரை தள்ளித் தெரியும். தன் அகலத்தைக் கடக்க அதற்கு ஏறக்குறைய ஒரு மணி நேரம் ஆகிறது என்றால், நாலைந்து நிமிடம் சுலபமாகப் பிசகும். மறைப்பு மேற்கிலிருந்து கிழக்காக நகர்வதால் நமக்கு முந்தும், சென்னைக்குப் பிந்தும்.

2023 மார்ச் 24. வெள்ளியை நிலா மறைத்த நாள், பட்டப்பகல். தங்கை மகளை மாடிக்குக் கூட்டிப்போனேன். சூரியன் கண்ணில் படாதபடி தண்ணீர்த் தொட்டியின் நிழலில் நின்றோம். பைனாகுலரில் மெல்லிய பிறை, பக்கத்தில் வெள்ளைப் புள்ளியாக வெள்ளி. "இன்னும் நேரமிருக்கு, தண்ணி குடிச்சிட்டு வா" என்று அனுப்பினேன். செயலி சொன்ன நேரத்துக்கு இரண்டு நிமிடம் இருக்கும்போது மறுபடி பார்த்தால் பிறை மட்டும்தான் இருந்தது. வளர்பிறையில் இருட்டு ஓரம்தான் முன்னால் போகும். பகலில் அந்த ஓரம் தெரியாது. வெறும் வானத்தில் வெள்ளி அணைந்துபோகிற அந்தக் காட்சியைத்தான் அவளுக்குக் காட்ட நினைத்திருந்தேன். அமைப்பைத் திறந்து பார்த்தேன். ஊர்: சென்னை. இணைய இணைப்பை வைத்துத் தானாகவே போட்டுக்கொண்டிருக்கிறது. என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

அங்கேயே நின்று அட்சரேகை 12.13, தீர்க்கரேகை 78.16 என்று கையால் போட்டேன். வெளிவரும் நேரம் மாறியது. காத்திருந்தோம். வெயில் தாழ்ந்திருந்தது. செயலி காட்டிய அதே நிமிடத்தில், பிறையின் வெளிச்ச ஓரத்தில் ஒரு வெள்ளை மொட்டு. அரை நிமிடம் போல மெல்லப் பெருத்து, பிறையை விட்டுப் பிரிந்தது. "மாமா, ஒட்டிக்கிட்டே வருது!" என்று கத்தினாள். எனக்குப் பேச்சே வரவில்லை.

இந்தக் கணக்கின் மேல் எனக்கு உண்மையான மரியாதை உண்டு. நிலாவின் பாதை 5 பாகை சாய்ந்தது. அதனால் மாதாமாதம் ஒவ்வொரு கிரகத்தையும் கடந்தாலும் பெரும்பாலும் மேலேயோ கீழேயோ விலகிப் போய்விடுகிறது. அந்தச் சாய்வும் 18.6 வருடத்துக்கு ஒரு சுற்று சுற்றுகிறது. இத்தனையையும் கணக்கில் எடுத்து நம் மாடிக்கென்று நேரம் சொல்கிறது, காசு வாங்காமல். 2024 ஜூலை 25 அதிகாலை சனி மறைப்புக்கும் ஊரைச் சரிபார்த்துவிட்டுத்தான் உட்கார்ந்தேன். ஆடி மேகம் மூடிவிட்டது. அதற்குச் செயலி என்ன செய்யும்?

மறைப்பு என்றால் நம் பக்கத்தில் சும்மா விஷயமில்லை. ஜவ்வாது மலைக் காவலூர் வானாய்வகத்தில் 1972-ல், வியாழனின் துணைக்கோள் கனிமீடு ஒரு நட்சத்திரத்தை மறைத்ததை வைத்துத்தான் அதற்கு மெல்லிய காற்று மண்டலம் இருக்கும் என்றார்கள். 1977 மார்ச் 10-ல் யுரேனஸின் வளையங்களைக் காட்டிக்கொடுத்த மறைப்பையும் அங்கே பதிவு செய்தார்கள். இந்த வேலையில் எங்கே நின்று பார்த்தோம் என்பதுதான் பாதி அளவை. அந்தப் பாதியைக் கேட்காமல் மாற்றுகிற செயலியை எப்படி மன்னிப்பது?

மச்சான், என் பதில்: போட வேண்டாம். கணக்கில் இதைவிடத் துல்லியமான ஒன்றை நான் கையாண்டதில்லை, இருந்தாலும் வேண்டாம். அன்றைக்குப் பிள்ளை பார்க்காமல் போனது இன்னும் மனதில் உறுத்துகிறது. மீறிப் போட்டால், முதல் வேலையாகத் தானியங்கி இடத்தை அணைத்துவிடுங்கள். பாலக்கோட்டுக்கு 12.30, 78.07. போன் கவரின் உள்பக்கம் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். நான் அப்படித்தான் வைத்திருக்கிறேன்.