தொலைந்துபோன டார்சான் தொடருக்கு எது நெருக்கம்? மூன்று மௌனத் தொடர்கள், ஓர் ஒப்பீடு

1928-இல் ஹாலிவுட் நிறுவனமான யுனிவர்சல் வெளியிட்ட ‘டார்சான் தி மைட்டி’ தொடரின் பிரதி இன்று கிடைப்பதில்லை. திரையரங்குகளில் வாரத்துக்கு ஒன்றாக 15 பாகங்கள் ஓடிய படத்தில் கதைச் சுருக்கமும் விளம்பரங்களும் சில புகைப்படங்களும்தான் மிச்சம். தீப்பற்றக்கூடிய நைட்ரேட் சுருளில் எடுத்த மௌனப் படங்களில் பெரும்பாலானவற்றின் கதி இதுதான். 1948-இல் யுனிவர்சலே தன் கிடங்கில் இருந்த மௌனப் பட நெகட்டிவ்களில் பெரும்பகுதியை அழித்துவிட்டது. நினைக்கும்போதெல்லாம் வயிறு எரிகிறது.

அந்தப் படம் எப்படி இருந்திருக்கும் என்று ஓரளவு உணர்ந்துகொள்ள, அதே காலத்து டார்சான் தொடர்கள் மூன்று நமக்கு மிஞ்சியிருக்கின்றன. எதைப் பார்க்கலாம் என்பதற்கு முன்னால், தொலைந்த படம் எடுக்கப்பட்ட கதையைக் கொஞ்சம் சொல்ல வேண்டும்.

முதலில் டார்சானாக ஒப்பந்தமானவர் ஜோ போனோமோ. உடற்கட்டுக்கும் சண்டைக்காட்சிக்கும் பெயர் போனவர். படப்பிடிப்பு தொடங்குவதற்குள் வேறொரு படத்தின் சாகசக் காட்சியில் அவருக்குக் கால் முறிந்தது. அவசர அவசரமாக அந்த இடத்துக்கு வந்தவர் ஜிம்னாஸ்டிக் வீரர் ஃப்ராங்க் மெரில். நாயகி மேரி ட்ரெவராக நேட்டலி கிங்ஸ்டன், அவளுடைய தம்பியாக பாபி நெல்சன், கடற்கொள்ளையர் வழிவந்த ஊரின் தலைவன் பிளாக் ஜானாக ஆல் ஃபெர்குசன். 12 பாகங்களாகத் திட்டமிட்ட படம், கூட்டம் அலைமோதவே 15 ஆக நீண்டது. முடிய வேண்டிய கதையை இன்னும் மூன்று வாரத்துக்கு இழுக்க என்ன செய்தார்கள் என்று பார்க்கத்தான் எனக்கு ரொம்ப ஆசை. அதற்கு வழியில்லை.

இப்போது மிஞ்சிய மூன்று. ‘தி சன் ஆஃப் டார்சான்’ (1920) இவற்றில் மூத்தது. டார்சானின் மகன் கோராக்கின் கதை இது. வளர்ந்த கோராக்காக நடித்தவர் ஹவாயைச் சேர்ந்த கமுவேலா சேர்ல். சிறுவன் கோராக்காக வரும் கார்டன் கிரிஃபித், 1918-இல் வந்த முதல் டார்சான் படத்தில் சிறுவன் டார்சானாக வந்தவர். அப்பனின் சிறுவயதும் மகனின் சிறுவயதும் ஒரே முகம். இதில் யானைக் காட்சி ஒன்று உண்டு. கம்பத்தில் கட்டிய கோராக்கை யானை கம்பத்தோடு தூக்கிக்கொண்டு போகிறது. படப்பிடிப்பில் யானை அவரைக் கீழே போட்டதில் சேர்லுக்கு அடிபட்டது. அதிலேயே இறந்துவிட்டார் என்று பல இடங்களில் எழுதியிருக்கிறார்கள், அது சரியில்லை. அவர் இறந்தது 1924-இல். விஷயம் தெரிந்து பார்க்கும்போது அந்தக் காட்சியில் கை தானாக நாற்காலியைப் பிடிக்கும்.

‘தி அட்வென்சர்ஸ் ஆஃப் டார்சான்’ (1921), முதல் டார்சானான எல்மோ லிங்கனின் படம். 15 பாகமாக வந்ததை 1928-இல் 10 பாகமாகச் சுருக்கி மறுபடி வெளியிட்டார்கள். பொதுவாகப் பார்க்கக் கிடைப்பது அந்தச் சுருக்கம்தான், அதனால் கதை தாவித் தாவிப் போகிறது. லிங்கனுக்கு நெஞ்சு அகலம் உண்டு, வேகம் போதாது. மூன்றில் இதற்குக் கடைசி இடம்தான் கொடுப்பேன். ஆனாலும் ஒரு காரணத்துக்காக ஒதுக்க மனம் வரவில்லை: லிங்கனுக்கு டூப் போட்டவர்களில் ஃப்ராங்க் மெரிலும் ஒருவர் என்கிறார்கள்.

‘டார்சான் தி டைகர்’ (1929) தொலைந்த படத்தின் உடன்பிறப்பு. அதே யுனிவர்சல், அதே மெரில், அதே நேட்டலி கிங்ஸ்டன் (இதில் ஜேனாக), வில்லனாக அதே ஆல் ஃபெர்குசன். தலையில் அடிபட்டு நினைவிழக்கும் டார்சானும் ஓப்பார் என்ற கற்பனை நகரத்து ரத்தினங்களும்தான் கதை. கதையை விடுங்கள், மெரிலின் உடம்பைப் பாருங்கள். கொடியைப் பிடித்து மரத்துக்கு மரம் தாவும்போது தோளிலிருந்து கால்வரை ஒரே வீச்சாக வருகிறது. அது பார் கம்பியில் பழகிய உடம்பு. பின்னால் வந்த டார்சான்களுக்கெல்லாம் அடையாளமாகிவிட்ட கொடித் தாவலை இந்த அளவுக்கு வளர்த்தவர் இவர்தான். பேசும் படம் வந்துகொண்டிருந்த நேரம் என்பதால் இசையும் ஓசைகளும் சேர்த்து வெளியிட்டார்கள். திரையில் டார்சானின் கூவல் முதலில் கேட்டது இதில்தான்.

மூன்றிலும் ஆப்பிரிக்க மக்களைக் காட்டும் விதம் கேவலமானது. காலத்தைக் காரணம் சொல்லி அதைக் கடந்துபோக என்னால் முடியாது; தொலைந்த படமும் இந்த விஷயத்தில் மேலாக இருந்திருக்கும் என்று நம்ப இடமில்லை.

படமாக எனக்கு அதிகம் பிடித்தது ‘சன் ஆஃப் டார்சான்’. ஆனால் கேள்வி ‘மைட்டி’யைப் பற்றியது என்பதால், ஒன்றுதான் பார்க்க நேரம் என்றால் ‘டைகர்’ பாருங்கள். நடிகர்கள் மட்டுமல்ல, ஒவ்வொரு பாகத்தையும் ஆபத்தின் உச்சியில் அறுத்து விடும் யுனிவர்சலின் கைவேலையும் இதில் தெரியும். ஒரே மூச்சில் 15 பாகங்களையும் ஓட்டிவிடாதீர்கள், அடித்த ஆபத்தே திரும்ப அடிப்பதுபோல அலுத்துவிடும். வாரத்துக்கு ஒன்று என்று எடுத்த படம். நாளைக்கு ஒன்று என்றாவது பாருங்கள்.