மளிகைக் கடையில் நாலு கேமரா: 2018 முதல் இன்றுவரை

தூத்துக்குடியில் மளிகைக் கடை வைத்திருக்கிறேன். 2018 முதல் நான்கு சிசிடிவி கேமராக்கள் ஓடுகின்றன: வாசல், கல்லா, குடோன், பின்பக்கச் சந்து. எல்லாம் 2 மெகாபிக்சல். புதிதாகப் போடுகிறவர்கள் எத்தனை கேமரா வேண்டும் என்றுதான் முதலில் கேட்கிறார்கள். வந்த ஆளின் முகம் தெரியுமா என்று கேட்பதில்லை.

வாசலில் இருப்பது 2.8 மி.மீ. லென்ஸ். தெரு முழுக்க விழும், பார்க்கப் பிரமாதமாக இருக்கும். ஆனால் படம் அகல அகல ஓர் ஆளுக்குக் கிடைக்கும் பிக்சல், அதாவது படத்தின் புள்ளிகள், குறைகிறது. முன்பின் தெரியாதவரை அடையாளம் காண, காட்சியின் அகலத்தில் மீட்டருக்கு 250 பிக்சல் வேண்டும் என்பது இந்தத் துறையின் கணக்கு. இந்த லென்ஸில் அது சுமார் 3 மீட்டர் தூரம் வரைதான். அதற்கு அப்பால் சட்டை நிறம் தெரியும், நடை தெரியும், முகம் தெரியாது. கல்லாவுக்கு நேராக, ஆள் உயரத்துக்குச் சற்று மேலே, இன்னும் குறுகலாகப் பார்க்கும் 3.6 மி.மீ. லென்ஸ் மாட்டிய பிறகுதான் முகம் முகமாகத் தெரிந்தது.

ஒரு நாள் ராத்திரி கடை முன்னால் ஒரு பெரியவரை பைக் இடித்துவிட்டு நிற்காமல் போய்விட்டது. காலையில் ஏட்டையா வந்து, "அண்ணாச்சி, நேத்து ராத்திரிப் பதிவைக் கொஞ்சம் போடுங்க" என்றார். இடித்த நேரம், பைக் திரும்பிய திசை எல்லாம் இருந்தது. நம்பர் பிளேட் இருந்த இடத்தில் வெறும் வெள்ளைக் கட்டம். கேமராவின் அகச்சிவப்பு வெளிச்சத்தை பிளேட் அப்படியே திருப்பி அடிப்பதால் எழுத்து கரைந்துவிடுகிறது. நம்பர் படிப்பதற்கென்றே இருக்கும் கேமராக்கள் வேறு ரகம். ஷட்டர் வேகத்தைக் கூட்டி, பிளேட்டையே குறிவைத்துப் பொருத்துவார்கள். பெரியவரின் மகன் அந்தத் திரையையே பார்த்துக்கொண்டு நின்றது இன்னும் மனதை அறுக்கிறது.

பராமரிப்பு பெரிய வேலை இல்லை. லென்ஸ் முன்னால் ஒரு சிலந்தி நூல் தொங்கினால் ராத்திரிப் படம் முழுக்கப் புகைமூட்டம்தான், வாராவாரம் ஒட்டடைக்கோலால் தட்டிவிடுகிறோம். உப்புக்காற்றில் கனெக்டர்கள் பச்சை பூத்துவிடும், அவ்வப்போது மாற்ற வேண்டும்.

கைவிட்டது ஹார்ட் டிஸ்க். கம்ப்யூட்டருக்கான சாதா டிஸ்க்கைப் போட்டுக் கொடுத்திருந்தார்கள். லைவ் ஓடிக்கொண்டே இருந்தது. பதிவு மட்டும் என்றைக்கோ நின்றிருந்தது. ராப்பகலாக எழுதுவதைத் தாங்கும் கண்காணிப்பு டிஸ்க் தனியாகவே கிடைக்கிறது, அதைக் கேட்டு வாங்குங்கள். அப்புறம் கொள்ளளவு: கேமராவுக்கு 2 எம்பிபிஎஸ் (வினாடிக்கு 2 மெகாபிட் பதிவு) வைத்தால் நான்குக்கும் நாளுக்கு சுமார் 86 ஜிபி. 1 டிபி பதினோரு நாளில் நிரம்பி, பழைய பதிவு அழியத் தொடங்கும்.

கடைப் பிள்ளைகள் சாப்பிடும் இடத்திலும் ஒன்று வைக்கச் சொன்னார்கள். வைக்கவில்லை, மைக்கையும் அணைத்துவிட்டேன். நாள் முழுக்க ஒருவரைப் பார்த்துக்கொண்டே இருந்தால் அவர் எப்படி மனசார வேலை செய்வார்? சந்து கேமராவில் எதிர்வீட்டு ஜன்னல் விழுந்தது. டிவிஆர் எனும் பதிவுப் பெட்டியின் மெனுவில் அந்தப் பகுதியைக் கறுப்புக் கட்டம் போட்டு மறைத்து, அந்த வீட்டு அக்காவைக் கூப்பிட்டுத் திரையைக் காட்டினேன்.

இவ்வளவு மறைத்தும் பாஸ்வேர்டு பழையதாகவே இருந்தால் எல்லாம் வீண். 2016இல் மிராய் என்ற வைரஸ், கம்பெனி வைத்த பாஸ்வேர்டை மாற்றாத டிவிஆர்களுக்குள்ளும் கேமராக்களுக்குள்ளும்தான் கூட்டம் கூட்டமாகப் புகுந்தது. பொருத்த வந்தவர் கிளம்பும் முன்பே அதை உங்கள் கையால் மாற்றிவிடுங்கள்.